ஐம்பத்து மூன்று சதுரடி

எங்கள் கட்டடத்தில் நாலாம் மாடி கிடையாது.
மூன்று, மூன்று-ஏ, ஐந்து.
லிஃப்ட் பழுது பார்ப்பவன் நான். எனக்குத் தெரியும்,
பொத்தானில் எந்தப் பெயரை ஒட்டினாலும்
கயிறு அந்த உயரத்தையும் இழுத்துத்தான் ஆகவேண்டும்.

வங்கியில் உட்கார்ந்திருந்தபோது
இது ஞாபகத்துக்கு வரவில்லை.
மிஸ் லோ தாளைத் திருப்பிவைத்து
ஒரே ஓர் எண்ணைத்தான் வட்டமிட்டார்:
மாதம் ஆயிரத்து எழுநூற்றுப் பத்தொன்பது வெள்ளி.
வாடகையைவிடக் கொஞ்சம்தான் கூட, என்றார்.
எனக்கு அப்போது முப்பத்து மூன்று வயது.
முப்பத்தைந்து வருடம் என்பது
ஏசிக் குளிரில் யாரோ சொன்ன ஒரு சொல்.
கையெழுத்துப் போட்டுப் போட்டுக்
கடைசிப் பக்கத்தில் என் பெயரே
வேறு யாருடையதோ போலிருந்தது.

கூட்டிப் பார்த்தவள் தவமலர்.
போன சனிக்கிழமை. செந்தூலில் அடைமழை.
கொமுட்டர் ரயில் போகும்போதெல்லாம் ஜன்னல் அதிர,
வங்கியின் வருடக் கணக்கைத் தரையில் விரித்து
மகளின் சாக்பீஸும் கையுமாகக் குப்புறப் படுத்திருந்தாள்.

"நாம வாங்கினது சதுரடி நானூற்றுத் தொண்ணூற்று நாலு.
முதல் மாசம் கட்டினதுல
ஆயிரத்து முந்நூற்று இருபத்து மூணு வட்டிக்கே போச்சு.
அசல்ல கழிஞ்சது முந்நூற்றுத் தொண்ணூற்றாறு.
ஒரு டைல்கூட முழுசா வாங்கல நாம."

பிறகு எழுந்து, குளியலறையில் தொடங்கி
ஒவ்வொரு டைலாக எண்ணிக்கொண்டு வந்தாள்.
ஐந்து வருடம். லட்சத்து மூவாயிரம் கட்டியாகிவிட்டது.
அசலில் கழிந்தது இருபத்தாறாயிரத்துச் சொச்சம்.
சாக்பீஸ் கோடு குளியலறையைச் சுற்றி,
வாசற்படி தாண்டி,
வாஷிங் மெஷினின் முன்கால்களுக்கிடையில் நின்றுவிட்டது.

ஐம்பத்து மூன்று சதுரடி.

சமையலறை மட்டும் முன்பே நம்முடையது.
என் ஈபிஎஃப் பணமும் அவள் கல்யாண ஆரமும்
முன்பணமாகி அதை வாங்கியிருந்தன.
ஹால், பால்கனி, இரண்டு அறைகள்,
எங்கள் கட்டிலின் நான்கு கால்கள் ஊன்றிய இடம்,
எல்லாம் மிஸ் லோவின் முதலாளிகளுக்கு.

தர்ஷிகா கோட்டைக் கண்டதும் நொண்டியடிக்க ஆரம்பித்தாள்.
"இது நம்மளுது. இது அவங்களுது.
அப்பா, நீங்க அவங்க இடத்துல நிக்கிறீங்க, அவுட்!"

"மொத்தம் எவ்வளவு?" என்று கேட்டிருக்கக் கூடாது.
வாங்கிய கடன் மூன்று லட்சத்து எழுபத்தெட்டாயிரம்.
கட்டி முடிப்பது ஏழு லட்சத்து இருபத்திரண்டாயிரம்.
அதுவும் வட்டி ஏறாமலிருந்தால்.
கடன் காப்புறுதி, வக்கீல் கூலி, பராமரிப்புக் கட்டணம்
இதில் சேர்த்தி இல்லை என்றாள்.
மாதாமாதம் நாங்கள் இன்னொரு வீட்டையும்
கட்டிக்கொண்டிருக்கிறோம்.
அதற்குக் கதவெண் இல்லை. மூன்றுக்கும் ஐந்துக்கும் நடுவே
எங்கோ நிற்கிறது.

மழை விட்ட பிறகு, மைலோ கலக்கிக்கொண்டே சொன்னாள்:
"இனிமே மாசம் இருநூறு கூடப் போட்டா
ஐந்தரை வருஷம் முன்னாடியே முடிஞ்சிடும்."

"எந்த ஐந்தரை வருஷம்?"

பதில் சொல்லாமல் என் முழங்காலைப் பார்த்தாள்.
அறுபத்திரண்டு முடிந்து அறுபத்தெட்டு வரை.
மோட்டார் அறைக்கு இரும்பு ஏணியில்தான் ஏறவேண்டும்.
அந்த வயதில் ஏறுகிற ஒருவரை
நான் இதுவரை பார்த்ததில்லை.

இருநூறு வெள்ளி என்றால்
மாதத்தில் மூன்று ராத்திரி ஸ்டேண்ட்பை.
தர்ஷிகா கதை கேட்கிற ராத்திரிகளில் மூன்று.
இதற்கு வட்டி எவ்வளவென்று
எந்தத் தாளிலும் போடவில்லை.

நேற்று முதல் ராத்திரி. செராஸில் ஒரு லிஃப்ட்,
உள்ளே ஒரு கிழவரும் அவருடைய மீன் தொட்டியும்.
திரும்பும்போது மணி மூன்றரை.
சப்பாத்தை வாசலில் கழற்றிவிட்டு
இருட்டில் வங்கியின் ஹாலைத் தாண்டினேன்.
வங்கியின் அறையில் இருவரும் தூங்குகிறார்கள்.
கோடு பாதி அழிந்திருந்தது.
குளியலறையில் கால் கழுவினேன்.
தண்ணீரை மூடியபிறகும்
கொஞ்ச நேரம் அங்கேயே நின்றுகொண்டிருந்தேன்,
என் வீட்டில்.